தீர்ப்பாணை நிறைவேற்றமும் மேற்பார்வை நியாயாதிக்கமும்: இந்திய உயர் நீதிமன்றக் கட்டளைகள் மீதான மேன்முறையீட்டின் எல்லைகள் பற்றிய ஒரு மதிப்பீடு

1. தோற்றுவாய்

இந்தியாவில் வழக்காடும் ஒருவருடைய இடர்ப்பாடுகள் அவர் தீர்ப்பாணையைப் பெற்றுக்கொண்ட பின்னரே தொடங்குகின்றன என்னும் கருத்தை, இலண்டனிலிருந்த பிரிவிக் கவுன்சில் 1872 ஆம் ஆண்டிலேயே வெளியிட்டது. ஒன்றரை நூற்றாண்டுக்கு மேல் கழிந்த பின்னரும் அக்கூற்று பழமையடைந்துவிடவில்லை. 2025 ஆம் ஆண்டு ஒக்டோபர் மாதத்தில் இந்திய உச்ச நீதிமன்றத்தின் முன் வைக்கப்பட்ட விபரங்களின்படி, அந்நாட்டின் கீழ் நீதிமன்றங்களில் 8 இலட்சத்து 82 ஆயிரத்திற்கும் அதிகமான நிறைவேற்று மனுக்கள் முடிவுறாது கிடந்தன. தீர்ப்புக் கிடைத்தும் பயன் கிடையாதோர் தொகையை இவ்வெண் ஓரளவு உணர்த்தும்.

இத்தாமதத்திற்கு மருந்தாக வழக்கமாகக் கூறப்படுவது மேன்முறையீடுகளைக் குறைத்தல் என்பதாகும். இந்தியச் சட்டம் இம்மருந்தைப் பலமுறை உட்கொண்டுள்ளது. அதன் விளைவாக, நிறைவேற்று நீதிமன்றம் பிறப்பிக்கும் கட்டளைகளுட் பல இன்று மேன்முறையீட்டுக்கு உட்படாதனவாயின. அவை உயர் நீதிமன்றத்தின் மேற்பார்வை நியாயாதிக்கத்துக்கு மட்டுமே உட்படுவன. அம்மேற்பார்வையில் உயர் நீதிமன்றம் வழங்கும் கட்டளையோ, அதே நீதிமன்றத்தில் மேன்முறையீடு செய்யப்பட முடியாததாக உள்ளது. இந்த எல்லை எவ்வாறு தோன்றியது, அதற்குக் கூறப்படும் நியாயம் யாது, அந்நியாயம் இன்றும் பொருந்துமா என்பவற்றை ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

சொல்வழக்குப் பற்றி ஒரு குறிப்பு இவ்விடத்து அவசியமாகின்றது. நமது நாட்டில் அதியுயர்ந்த நீதிமன்றத்தையே உயர் நீதிமன்றம் என வழங்குகின்றோம். இந்தியத் தமிழ் வழக்கில் மாநிலத்தின் தலைமை நீதிமன்றம் உயர் நீதிமன்றம் எனவும், டில்லியில் அமைந்துள்ள இறுதி நீதிமன்றம் உச்ச நீதிமன்றம் எனவும் பெயர் பெறும். இக்கட்டுரை இந்தியச் சட்டத்தைப் பற்றியதாகலின் இந்திய வழக்கினையே நாம் கையாளுகின்றோம்.

2. மேற்பார்வை அதிகாரத்தின் வரலாறு

மேற்பார்வை அதிகாரம் இந்திய அரசியல் யாப்பின் புதிய படைப்பன்று. கல்கத்தா, சென்னை, பம்பாய் ஆகிய இடங்களில் உயர் நீதிமன்றங்களை அமைக்க வழிசெய்த 1861 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 15 ஆம் பிரிவிலேயே அது இடம்பெற்றிருந்தது. பின்னர் 1915 ஆம் ஆண்டு இந்திய அரசாங்கச் சட்டத்தின் 107 ஆம் பிரிவிலும், 1935 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 224 ஆம் பிரிவிலும் அது தொடர்ந்தது. இவற்றுட் கடைசியாகக் கூறப்பட்ட பிரிவு ஒரு கட்டுப்பாட்டை விதித்தது. மேன்முறையீட்டுக்கோ மீளாய்வுக்கோ உட்படாத ஒரு தீர்ப்பை மேற்பார்வை என்ற பெயரால் உயர் நீதிமன்றம் கேள்விக்குட்படுத்தலாகாது என்பதே அக்கட்டுப்பாடு.

1950 ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்த அரசியல் யாப்பின் 227 ஆம் உறுப்புரை இக்கட்டுப்பாட்டை ஏற்கவில்லை. நெருக்கடிநிலைக் காலத்து 42 ஆவது திருத்தம் 1976 இல் அதனை மீண்டும் புகுத்தியது; 1978 ஆம் ஆண்டின் 44 ஆவது திருத்தம் அதனை அகற்றியது. ஆகவே மேற்பார்வை அதிகாரம் நீதிசார் கட்டளைகளையும் தழுவுவதென்பது அரசியல் யாப்பினை ஆக்கியோரும் திருத்தியோரும் அறிந்தே செய்த தெரிவு எனலாம்.

ஆயின் அதிகாரத்தின் அகலத்தை நீதிமன்றமே சுருக்கிக்கொண்டது. 1954 ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றத்தின் ஐவர் ஆயம், இவ்வதிகாரம் கீழ் நீதிமன்றங்களைத் தத்தம் அதிகார எல்லையினுள் நிறுத்திவைப்பதற்கானதேயன்றி வெறும் பிழைகளைத் திருத்துவதற்கானதன்று எனவும், மிக அருகியே அது பயன்படுத்தப்பட வேண்டும் எனவும் விளக்கியது. அதற்குப் பின் வந்த தீர்ப்புகள் யாவும் இந்த அடித்தளத்தை ஏற்றே செல்கின்றன.

இத்தற்கட்டுப்பாடு நமது ஆய்வுக்கு இன்றியமையாதது. மேற்பார்வைக் கட்டளைக்கு மேன்முறையீடு வேண்டாம் என்பதன் நியாயம் இதிலேயே தங்கியுள்ளது. மேற்பார்வை உண்மையிலேயே அருகிய தலையீடாக இருக்குமானால், அதன் மீதும் மற்றொரு தலையீடு வேண்டுவதில்லை. அது அன்றாட வழியாகிவிடின் நிலைமை வேறாகும்.

3. எல்லை வகுக்கப்பட்டவாறு

உயர் நீதிமன்றத் தனி நீதிபதியின் தீர்ப்பிலிருந்து அதே நீதிமன்றத்தின் இருவர் ஆயத்துக்கு மேன்முறையீடு செய்யும் உரிமையை, சென்னை முதலிய மூன்று நீதிமன்றங்களுக்கும் 1865 ஆம் ஆண்டில் வழங்கப்பட்ட அரச பட்டயத்தின் 15 ஆம் வாசகம் அளித்தது. 1919 ஆம் ஆண்டில் அவ்வாசகம் திருத்தப்பட்டபோது, மீளாய்வு நியாயாதிக்கத்தில் வழங்கப்படும் கட்டளைகளும், 1915 ஆம் ஆண்டுச் சட்டத்தின் 107 ஆம் பிரிவின் கீழான மேற்பார்வை அதிகாரத்தில் வழங்கப்படும் கட்டளைகளும் அவ்வுரிமையினின்றும் விலக்கப்பட்டன.

107 ஆம் பிரிவு மறைந்து 227 ஆம் உறுப்புரை தோன்றிய பின் இவ்விலக்கு நிலைக்குமா என்ற வினாவுக்கு 1986 ஆம் ஆண்டில் உச்ச நீதிமன்றம் விடையளித்தது. பம்பாயிலிருந்து எழுந்த ஒரு வழக்கில் நீதிபதி மடோன் எழுதிய விரிவான தீர்ப்பு, பட்டயத்திலுள்ள பழைய பிரிவுக் குறிப்பினை 227 ஆம் உறுப்புரையைக் குறிப்பதாகவே வாசித்தல் வேண்டும் எனக் கூறியது. எனவே அவ்வுறுப்புரையின் கீழ்த் தனி நீதிபதி வழங்கும் கட்டளைக்கு உள்மேன்முறையீடு இல்லையென்றாயிற்று.

அத்தீர்ப்பு கதவை மூடியதோடு ஒரு பலகணியையும் திறந்து வைத்தது. எழுத்தாணைகளை வழங்கும் 226 ஆம் உறுப்புரை, மேற்பார்வைக்குரிய 227 ஆம் உறுப்புரை ஆகிய இரண்டின் கீழும் ஒருவர் மனுச்செய்து, வழக்கின் நிகழ்வுகள் இரண்டுக்கும் இடந்தருமாயின், அவருடைய பெறுமதிமிக்க மேன்முறையீட்டு உரிமை பறிபோகாதிருக்கும்பொருட்டு அம்மனுவை 226 ஆம் உறுப்புரையின் கீழானதாகவே கொள்ளுதல் முறையெனத் தீர்ப்பு கூறியது. மேன்முறையீட்டின் இழப்பு ஓர் உண்மையான இழப்பே என்பதை அத்தீர்ப்பு உணர்ந்திருந்தமை அவதானிக்கத்தக்கது.

இப்பலகணி 2015 இல் அடைபட்டது. 2003 ஆம் ஆண்டில் இருவர் ஆயமொன்று, குடியியல் நீதிமன்றக் கட்டளைகளுக்கெதிராக 226 ஆம் உறுப்புரையும் 227 ஆம் உறுப்புரையும் ஒருங்கே பயன்படும் எனக் கூறியிருந்தது. 2015 இல் நீதிபதி ஆதர்ஷ் குமார் கோயல் எழுதிய மூவர் ஆயத் தீர்ப்பு அக்கருத்தின் முற்பகுதியை நிராகரித்தது. குடியியல் நீதிமன்றம் நீதிமன்றமாக அமர்ந்து வழங்கும் கட்டளை எழுத்தாணைக்கு உட்படாது. மேற்பார்வை ஒன்றே அதற்குரிய வழி என்பது அதன் முடிபு. 1966 ஆம் ஆண்டில் ஒன்பது நீதிபதிகள் வழங்கிய தீர்ப்பின் நெறியினையே அது பின்பற்றியது.

கோட்பாட்டளவில் இம்முடிபில் நாம் குறைகாணவில்லை. நீதிமன்றத்தை நிருவாக அதிகாரியைப்போல் எழுத்தாணையால் அழைப்பது பொருந்தாது என்பது ஏற்புடையதே. ஆயின் அதன் பக்கவிளைவு போதியளவு சிந்திக்கப்படவில்லை. 226 ஆம் உறுப்புரை அகன்றதும், 1986 இல் காக்கப்பட்ட உள்மேன்முறையீட்டு வாய்ப்பும் குடியியல் வழக்குகளில் உடனகன்றது.

4. நிலம் விரிந்த கதை

1986 ஆம் ஆண்டுத் தீர்ப்பினைச் சொற்பொருள் விளக்கமென்ற அளவில் ஏற்றுக்கொள்ளுதல் எளிது. ஆனால் அது கேளாதுவிட்ட வினா ஒன்று உண்டு. 1919 இல் மேற்பார்வைக் கட்டளைகள் மேன்முறையீட்டினின்றும் விலக்கப்பட்டபோது, மேற்பார்வை எவ்வளவு சுமையைத் தாங்கியது? அச்சுமை இன்று எவ்வளவு?

1908 ஆம் ஆண்டுக் குடியியல் நடவடிக்கை முறைக் கோவை, நிறைவேற்றத்தை 36 முதல் 74 வரையான பிரிவுகளிலும், 106 விதிகளைக் கொண்ட 21 ஆம் கட்டளையிலும் வகுத்துள்ளது. தரப்பினரிடையே நிறைவேற்றம் தொடர்பாக எழும் வினாக்களை நிறைவேற்று நீதிமன்றமே தீர்க்கவேண்டும் என்பது 47 ஆம் பிரிவு. 1919 இல் அப்பிரிவின் கீழான முடிபு சட்டத்தின் நோக்கில் ஒரு தீர்ப்பாணையாகவே கருதப்பட்டது. ஆகவே அதற்கு முதல் மேன்முறையீடும், சட்டவினா இருப்பின் இரண்டாம் மேன்முறையீடும் உண்டு. மேற்பார்வை அதிகாரம் அன்று இவ்வழிகளுக்கு அப்பால், எங்கோ ஓர் ஓரத்தில் நின்றது.

1977 ஆம் ஆண்டு பெப்ரவரி முதலாம் திகதி நடைமுறைக்கு வந்த 1976 ஆம் ஆண்டுத் திருத்தச் சட்டம், 'தீர்ப்பாணை' என்பதன் வரைவிலக்கணத்திலிருந்து 47 ஆம் பிரிவை நீக்கியது. அந்நாள் தொட்டு அப்பிரிவின் கீழான முடிபுகள் மேன்முறையீட்டை இழந்தன; 115 ஆம் பிரிவின் கீழான மீளாய்வு மட்டுமே எஞ்சியது. 2002 ஆம் ஆண்டு யூலை முதலாம் திகதி நடைமுறைக்கு வந்த திருத்தம் மீளாய்வையும் ஒடுக்கியது. மனுதாரருக்குச் சார்பாக அக்கட்டளை அமைந்திருப்பின் வழக்கோ நடவடிக்கையோ இறுதியாக முடிந்திருக்கும் என்றாலன்றி, அதனை உயர் நீதிமன்றம் மீளாய்வில் மாற்றவியலாது என்பதே அத்திருத்தம்.

சட்டமன்றம் அடைத்த நீர் வேறு வாய்க்காலைத் தேடுதல் இயல்பு. மேன்முறையீடு மூடப்பட்டபோது மீளாய்வுக்கும், மீளாய்வு ஒடுங்கியபோது 227 ஆம் உறுப்புரைக்கும் வழக்காளர் திரும்பினர். அரசியல் யாப்பு அளித்த அதிகாரத்தைச் சாதாரணச் சட்டத் திருத்தம் குறைக்கமாட்டாது என்பது 2003 ஆம் ஆண்டுத் தீர்ப்பிலேயே தெளிவாயிற்று. 2015 ஆம் ஆண்டுத் தீர்ப்பும் அதனை மறுக்கவில்லை. சென்னை உயர் நீதிமன்றத்தில் 227 ஆம் உறுப்புரையின் கீழான மனுவும் குடியியல் மீளாய்வு மனு என்னும் பெயரிலேயே பதிவு பெறுவது, இரண்டும் நடைமுறையில் எவ்வளவு நெருங்கிவிட்டன என்பதைக் காட்டும்.

சுருங்கக் கூறின், 1919 இல் இடப்பட்ட எல்லைக்கல் அசையவில்லை. ஆனால் அக்கல்லுக்கு உள்ளே அகப்பட்ட நிலம் பன்மடங்கு விரிந்துவிட்டது. ஓரத்து அதிகாரமொன்றுக்கென வகுத்த விதி, இன்று நிறைவேற்ற வழக்குகளின் பெருவழிக்கு விதியாகி நிற்கின்றது. இதுவே நமது விமரிசனத்தின் மையமாகும்.

எல்லா நிறைவேற்றக் கட்டளைகளும் இந்நிலையில் உள்ளன என்று இதனாற் கொள்ளலாகாது. கைப்பற்றலுக்கு உட்பட்ட சொத்தில் உரிமை கோருவோர், உடைமை ஒப்படைப்பைத் தடுத்து நிற்கும் மூன்றாந் தரப்பினர் ஆகியோரின் கோரிக்கைகள் மீதான முடிபுகள் 21 ஆம் கட்டளையின் விதிகளால் தீர்ப்பாணைக்கு நிகராக்கப்பட்டுள்ளன. அவற்றுக்கு மேன்முறையீடு உண்டு. ஏல விற்பனையை நீக்கும் அல்லது நீக்க மறுக்கும் கட்டளைக்கும் மேன்முறையீடு உண்டு. அவ்வாறு கோவையிலேயே மேன்முறையீடு இருக்குமிடத்து 227 ஆம் உறுப்புரையை நாடுதல் ஏறக்குறைய முற்றாகவே தடுக்கப்பட்டதாகும் என 2019 இல், தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு வழக்கில், உச்ச நீதிமன்றம் கூறியது. இந்நெறி நன்று. ஆயின் மேன்முறையீடு இல்லாதவிடத்து நிற்பவருக்கு அது யாதொரு ஆறுதலையும் அளிக்காது.

5. சிறைக்குச் செல்லும் கடனாளி

அவ்வாறு மேன்முறையீடின்றி நிற்பவர்களுள் மிக அவலமான நிலையிலிருப்பவர், பணத் தீர்ப்பாணையொன்றின் நிறைவேற்றத்திற்காகக் கைதுசெய்யப்படும் கடனாளியே. கோவையின் 104 ஆம் பிரிவு, ஒருவரைக் குடியியற் சிறையில் வைக்குமாறு பணிக்கும் கட்டளைக்கு மேன்முறையீடு அளிக்கின்றது. ஆனால் அதே வாசகம், அக்கைது தீர்ப்பாணை நிறைவேற்றத்தின் பொருட்டாயின் மேன்முறையீடு இல்லை என விலக்கும் கூறுகின்றது. 1976 க்கு முன் இவ்விலக்கால் பெருந்தீங்கு விளையவில்லை; 47 ஆம் பிரிவின் வழியே மேன்முறையீடு திறந்திருந்தது. அப்பிரிவு தீர்ப்பாணை வரைவிலக்கணத்தினின்றும் நீங்கியதும் விலக்கு மட்டும் எஞ்சியது. ஒரு பிரிவைத் திருத்தியோர் மற்றைய பிரிவில் அதன் எதிரொலியைக் கேட்டிலர் போலும்.

58 ஆம் பிரிவின்படி, 5,000 ரூபாவுக்கு மேற்பட்ட தீர்ப்பாணைக்கு மூன்று மாதம் வரையும், 2,000 ரூபாவுக்கு மேற்பட்டு 5,000 ரூபாவுக்கு மேற்படாததற்கு ஆறு வாரம் வரையும் ஒருவரைச் சிறையில் வைக்கலாம். பணங்கொடுக்க வழியிருந்தும் கொடாது வஞ்சிப்பவரே இதற்குரியவர் என்பது 51 ஆம் பிரிவின் கருத்து. 1980 ஆம் ஆண்டில் கேரளத்து வழக்கொன்றில் நீதிபதி வி. ஆர். கிருஷ்ண ஐயர் இதனை ஆழப்படுத்தினார். ஒப்பந்தக் கடமையை நிறைவேற்ற இயலாமை ஒன்றுக்காக எவரையும் சிறையிடலாகாது என்னும் சர்வதேச உடன்படிக்கை நெறியையும், அரசியல் யாப்பின் 21 ஆம் உறுப்புரை காக்கும் தனியாள் சுதந்திரத்தையும் துணைக்கொண்டு, வறுமை குற்றமன்று என்ற நிலையைச் சட்டத்தில் அவர் நிறுவினார்.

இத்தீர்ப்பின் பெருமையைப் பலரும் பேசுவர். அது எவ்வழியாக உச்ச நீதிமன்றத்தை அடைந்தது என்பதைப் பேசுவோர் சிலரே. அது உரிமையால் வந்த மேன்முறையீடன்று. 136 ஆம் உறுப்புரையின் கீழ், நீதிமன்றத்தின் விருப்பத்தைச் சார்ந்த விசேட அனுமதியால் வந்தது. அவ்வனுமதி மறுக்கப்பட்டிருப்பின், இன்று மாணவர் படிக்கும் அந்நெறி அவ்வழக்கில் பிறந்திராது.

ஒரு கற்பனை உதாரணத்தைக் கொள்வோம். இராமநாதபுரத்துச் சிறு வணிகர் ஒருவர் உறவினரின் கடனுக்குப் பிணை நின்று தீர்ப்பாணைக்கு உள்ளாகின்றார். அவரிடம் பொருளுண்டா என்று விசாரியாமலே நிறைவேற்று நீதிமன்றம் கைதுக் கட்டளையிடுகின்றது. மேன்முறையீடு இல்லை. மீளாய்வு பொருந்துமா என்பது வாதத்திற்குரியது. ஆகவே மதுரையிலமர்ந்துள்ள உயர் நீதிமன்ற ஆயத்தில் 227 ஆம் உறுப்புரையின் கீழ் மனுச்செய்கின்றார். தனி நீதிபதி, தலையிடுவதற்குப் போதிய காரணமில்லை என இரண்டொரு வரியில் மனுவைத் தள்ளுகின்றார். இனி அவர் செல்லவேண்டிய இடம் எது?

அடுத்த அறையிலிருக்கும் இருவர் ஆயத்துக்குச் செல்ல முடியாது. பட்டயத்தின் 15 ஆம் வாசகம் தடுக்கின்றது. உச்ச நீதிமன்றத்துக்கு உரிமையோடு மேன்முறையிடவும் முடியாது. ஏனெனில் குடியியல் மேன்முறையீடு பற்றிய 133 ஆம் உறுப்புரையின் மூன்றாம் உட்பிரிவு, பாராளுமன்றம் வேறுவிதமாக விதித்தாலன்றி, உயர் நீதிமன்றத் தனி நீதிபதியின் தீர்ப்பிலிருந்து அத்தகைய மேன்முறையீடு இல்லையென்கின்றது. இவ்விரு தடைகளும் தனித்தனியே நோக்குமிடத்து நியாயமானவை. தனி நீதிபதியின் தீர்ப்பு நேரே டில்லிக்குச் செல்லற்க என 133 ஆம் உறுப்புரை கூறும்போது, அது முதலில் அதே நீதிமன்றத்தின் ஆயத்தாற் பரிசீலிக்கப்படும் என்ற எதிர்பார்ப்பு அதனுள் அடங்கியிருக்கின்றது என்றே நாம் கருதுகின்றோம். அவ்வுள்வழியை மூடிய பின்னரும் வெளித்தடை அப்படியே நிற்பதனால், இடையில் நிற்பவர் இருபுறமும் அடைபட்டவராகின்றார்.

அரசியல் யாப்பின் பொருள்கோள் பற்றிய அரிய வினா எழுந்தாலன்றி, எஞ்சுவன இரண்டே: அதே நீதிபதியிடம் மறுபரிசீலனை வேண்டுதல், இல்லையேல் விசேட அனுமதி கோருதல். முன்னையது கண்ணுக்குப் புலப்படும் வழுக்களுக்கு மட்டுமே உரியது. பின்னையது உரிமையன்று; இரண்டாயிரம் கிலோமீற்றருக்கு அப்பாலுள்ள நீதிமன்றத்தின் தயவு. 2020 க்குப் பின் காணொளி விசாரணை தூரத்தைக் குறைத்ததுண்டு. உச்ச நீதிமன்ற வழக்கறிஞரை அமர்த்தும் செலவையும், ஆங்கிலத்தில் ஆவணங்களை மொழிபெயர்க்கும் செலவையும் அது குறைக்கவில்லை. 2,000 ரூபாவுக்குச் சற்று மேற்பட்ட கடனுக்கும் சிறையுண்டு. அச்சிறையினின்றும் தப்புதற்கு அத்தொகையினும் பன்மடங்கு வேண்டும்.

6. தாமதத்திற்கும் காவல்

மேன்முறையீட்டுத் தடையை ஆதரிப்போர் கூறும் முதன்மையான நியாயம், அது தீர்ப்பாணை பெற்றவரைக் காக்கின்றது என்பதாகும். இந்நியாயத்தை நாம் இலேசாகக் கருதவில்லை. 1980 ஆம் ஆண்டில் செய்யப்பட்ட விற்பனை உடன்படிக்கை ஒன்றிலிருந்து பிறந்த தமிழ்நாட்டு வழக்கொன்றை உச்ச நீதிமன்றம் 2025 ஆம் ஆண்டு மார்ச் மாதத்திலேயே முடித்துவைத்தது. தலைமுறையொன்று கடந்த அவ்வழக்கினைக் கண்டே, முடிவுறாத நிறைவேற்று மனுக்களைக் கணக்கெடுக்குமாறும், ஆறு மாதத்துள் அவற்றை முடிக்குமாறும் அந்நீதிமன்றம் பணித்தது. நிறைவேற்று மனுவை ஆறு மாதத்துள் முடித்தல் வேண்டும், கடப்பின் காரணத்தை எழுத்திற் பதிதல் வேண்டும் என 2021 இலும் அது கூறியிருந்தது. மேன்முறையீடுகளைப் பெருக்குதல் இந்நோயை மிகுவிக்கும் என்ற அச்சம் ஆதாரமற்றதன்று.

ஆயின் அத்தடை தீர்ப்பாணை பெற்றவரை மட்டுமே காக்கின்றதா என்பதை ஊன்றி நோக்குதல் வேண்டும். 227 ஆம் உறுப்புரையின் கீழ் உயர் நீதிமன்றம் நிறைவேற்றத்தைத் தள்ளுபடி செய்யலாம், இடைநிறுத்தியும் வைக்கலாம். இடைநிறுத்தக் கட்டளையும் மேற்பார்வை அதிகாரத்தில் வழங்கப்படுவதே. அதற்கும் உள்மேன்முறையீடு இல்லை. ஆகவே கடனாளி பெற்ற இடைநிறுத்தம் பல்லாண்டு நீடிப்பினும், தீர்ப்பாணை பெற்றவர் அதே நீதிபதியிடம் முறையிடலாமேயன்றி ஆயத்திடம் செல்லவியலாது. விரைவுக்குக் காவலென நிறுத்தப்பட்ட வாயிலோன் தாமதத்திற்கும் காவல் புரிகின்றான்.

இடைநிறுத்தங்கள் ஆறு மாதத்தில் தாமே காலாவதியாகும் என உச்ச நீதிமன்றம் 2018 இல் விதித்த நெறி, இத்துன்பத்திற்கு ஓரளவு பரிகாரமாயிற்று. 2024 பெப்ரவரியில் ஐவர் ஆயம் அந்நெறியை நீக்கியது. எல்லா வழக்குகளுக்கும் ஒரே அளவுகோலை நீதிமன்றக் கட்டளையால் விதித்தல் முறையன்று என்ற அதன் கருத்து வலிமையுடையதே. ஆனால் அதன்பின் நிறைவேற்றத்தை நிறுத்திவைக்கும் மேற்பார்வைக் கட்டளைக்குக் காலவரையும் இல்லை, மேன்முறையீடும் இல்லை என்ற நிலை மீண்டுள்ளது.

இன்னுமொரு விளைவும் உண்டு. உள்மேன்முறையீடு மூடப்படுவதனால் வழக்குகள் குறைவதில்லை, அவை இடம்பெயர்கின்றன. மதுரையிலோ நாகபுரியிலோ இருவர் ஆயம் தீர்த்திருக்கக்கூடிய சிறு வினாக்கள் விசேட அனுமதி மனுக்களாக டில்லிக்குச் செல்கின்றன. நாட்டின் இறுதி நீதிமன்றம், பொது முக்கியத்துவமுள்ள சட்டவினாக்களைத் தீர்ப்பதை விடுத்து, நிறைவேற்று நீதிமன்றங்களின் வழுக்களைத் தேடும் பணியில் இறங்க நேர்கின்றது.

7. மாற்று வழி யாது?

எல்லா மேற்பார்வைக் கட்டளைகளுக்கும் உரிமையாக மேன்முறையீடு அளித்தல் வேண்டும் என்று நாம் வாதிடவில்லை. அவ்வாறு செய்தல் 1976 க்கு முற்பட்ட சிக்கலுக்கே மீளுதலாகும். அனுமதியோடு கூடிய மேன்முறையீடு என்னும் நடுவழியொன்று உண்டு. அதன் முன்மாதிரி வெளியிலன்று, 15 ஆம் வாசகத்தினுள்ளேயே இருந்தது. 1929 பெப்ரவரி முதல், இரண்டாம் மேன்முறையீட்டில் தனி நீதிபதி வழங்கும் தீர்ப்பிலிருந்து, வழக்கு மேன்முறையீட்டுக்குத் தகுதியானதென அந்நீதிபதியே கூறினால் மட்டும் ஆயத்துக்குச் செல்லலாம் என அவ்வாசகம் விதித்தது. கோவையின் 100அ பிரிவு 1976 இல் அதனை ஒழிக்கும்வரை அம்முறை ஏறக்குறைய அரை நூற்றாண்டு நின்றது.

நமது நாட்டின் ஏற்பாடும் இவ்விடத்து ஒப்புநோக்கத்தக்கது. 1889 ஆம் ஆண்டின் இலங்கைக் குடியியல் நடவடிக்கை முறைக் கோவை இந்தியக் கோவையின் உறவுடையதாகலின் இவ்வொப்பீடு வலிந்து செய்யப்படுவதன்று. 2006 ஆம் ஆண்டின் 54 ஆம் இலக்கச் சட்டம், மாவட்ட நீதிமன்றக் கட்டளைகள் மீது மேன்முறையீட்டு நியாயாதிக்கத்தையும் மீளாய்வு நியாயாதிக்கத்தையும் மாகாண மேல் நீதிமன்றங்களுக்கு ஒருங்கே அளித்தது. அவ்விரு நியாயாதிக்கங்களில் எதன்கீழ் கட்டளை பிறந்ததாயினும், முக்கியமான சட்டவினா இருப்பின், அனுமதி பெற்று நாட்டின் அதியுயர் நீதிமன்றத்தை நாடலாம் என்பது அச்சட்டத்தின் ஏற்பாடு. நமது முறையில் தாமதமில்லை என எவரும் கூறார். ஆயினும் கட்டளை பிறந்த அதிகாரத்தின் பெயரை நோக்காது, வினாவின் தன்மையை நோக்கும் அதன் அணுகுமுறை கவனத்திற்குரியது.

இவற்றைக் கருத்திற்கொண்டு மூன்று கருத்துக்களை முன்வைக்கின்றோம். முதலாவது, ஒருவரின் உடற்சுதந்திரத்தைப் பறிக்கும் நிறைவேற்றக் கட்டளைக்கு 104 ஆம் பிரிவிலேயே மேன்முறையீடு அளித்தல் வேண்டும். விலக்குக்கு அடிப்படையாயிருந்த 47 ஆம் பிரிவின் மேன்முறையீடு மறைந்தபின் அவ்விலக்கு நிற்பதற்கு நியாயமில்லை. இரண்டாவது, நிறைவேற்றத்தை நிறுத்திவைக்கும் அல்லது முற்றாக முடித்துவிடும் மேற்பார்வைக் கட்டளைக்கு, தனி நீதிபதியின் அல்லது ஆயத்தின் அனுமதியோடு, குறுகிய காலவரையுள் உள்மேன்முறையீடு இருத்தல் வேண்டும். அம்மேன்முறையீடு தானாகவே நிறைவேற்றத்தைத் தடுக்கலாகாது. மூன்றாவது, மேற்பார்வை மனுவை ஏற்பினும் தள்ளினும் காரணம் எழுதப்படுதல் வேண்டும். மேன்முறையீடு இல்லாத கட்டளைக்கே காரணம் கூறும் கடமை மிகுதியாக உண்டு. அதனைச் சோதிப்பதற்குக் காரணமன்றி வேறு கருவியில்லை.

8. முடிவுரை

வழக்குகளுக்கு முடிவு வேண்டும் என்பதும், முடிவு நேரியதாதல் வேண்டும் என்பதும் நீதியின் இரு கோரிக்கைகள். மேற்பார்வை அருகிய அதிகாரமாக நின்ற காலத்தில், அதற்கு மேல் மேன்முறையீடு வேண்டாமென்ற விதி இவ்விரண்டையும் ஓரளவு இணைத்து வைத்தது. 1976, 2002 ஆகிய ஆண்டுகளின் திருத்தங்கள் ஏனைய வழிகளை ஒடுக்கி மேற்பார்வையைப் பெருவழியாக்கின. 2015 ஆம் ஆண்டுத் தீர்ப்பு அதனின்றும் விலகிச் செல்லும் ஒற்றையடிப் பாதையையும் அடைத்தது. ஒவ்வொரு படியும் தனியே நோக்குமிடத்துத் தவறானதன்று. எல்லாப் படிகளும் சேர்ந்து கொண்டுசென்று நிறுத்திய இடமே நமது கவலைக்குரியது.

மேன்முறையீட்டை மறுக்கும் சட்டம், மறுக்கப்பட்ட அதிகாரம் தன் எல்லைக்குள் நிற்கும் என்று மறைமுகமாக வாக்களிக்கின்றது. அவ்வாக்கு 1954 இல் அளிக்கப்பட்டது. அதனை உயர் நீதிமன்றங்கள் காத்தால் எல்லை நியாயமானதாகும். காக்கத் தவறும்போது, அத்தவறைச் சுட்டிக்காட்டுவதற்குக் கைக்கெட்டிய தூரத்தில் ஒருவரேனும் இருத்தல் வேண்டும். இராமநாதபுரத்துச் சிறு வணிகர் கேட்பது அவ்வளவே.